மிளகு எழுதிய கோப்புகள்

சென்ற வாரம் நகராட்சிப் பதிவுப் பிரிவில் மிளகு தன் சாப்பாட்டு டப்பாவை மூடக்கூட மறந்து எழுந்து போனாளே, அந்த டப்பா என்ன ஆயிற்று என்று மூன்று வாசகிகள் கேட்டு எழுதியிருக்கிறார்கள். அவள் என்ன ஆவாள் என்று ஒருவரும் கேட்கவில்லை. போகட்டும். டப்பாவை ஆபரேட்டர் அக்கா கழுவித் துடைத்து மேஜைமேல் கவிழ்த்து வைத்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போனாள். அந்த அக்காவின் வேலைக்குத்தான் இன்று மாலை நான்கு மணிக்கு முடிவு.

இந்த வாரம்தான் இந்தப் பக்கத்தைப் புரட்டுகிறவர்களுக்காக இரண்டு வார்த்தை. மிளகு என்பது வீட்டுப் பெயர். அலுவலகத்தில் அவள் உதவிப் பதிவாளர், எல்லோருக்கும் மேடம். அவள் அப்பா அதே பிரிவில் இருபத்தொன்பது வருடம் தட்டச்சராக இருந்து, ஆறு வருடத்துக்கு முன் ஓய்வு பெற்றவர். பிறந்தபோது இரண்டு பிள்ளைகளுமே கைக்குள் அடங்குகிற அளவில் இருந்ததால் மூத்தவனுக்குக் கடுகு என்றும் இளையவளுக்கு மிளகு என்றும் பெயர் வைத்தவர் அவர்தான்.

போன வாரம் வந்த தணிக்கை அதிகாரி, நகராட்சியின் கணினிகளைத் திறந்து பார்த்தார். கடிதமும் சான்றிதழும் அடிக்கிற மென்பொருள் எந்தக் கணினியிலும் கம்பெனி கொடுத்தது இல்லை. யாரோ அதைப் பிரித்து, வேண்டாததை வெட்டி எறிந்து, வேண்டியதைச் சேர்த்து, மறுபடி கட்டிக் கொடுத்திருக்கிறார்கள். அலுவலகமே அதைப் பொட்டலம் என்றுதான் கூப்பிடுகிறது. "புது மெஷினுக்குப் பொட்டலம் போட்டாச்சா?" என்று ஆணையரே கேட்பார்.

அதிகாரி இன்னொன்றும் கண்டுபிடித்தார். எந்தக் கோப்பை எடுத்து, இதை எழுதியது யார் என்று கணினியைக் கேட்டாலும் அது ஒரே பெயரைச் சொன்னது. பிறப்புச் சான்றிதழ், குடிநீர் இணைப்பு ஆணை, ஆணையரின் சொந்த இடமாற்றக் கடிதம், எல்லாவற்றையும் எழுதியவர் மிளகு. பதினெட்டு வருடமாக எழுதிக்கொண்டிருக்கிறார்.

அதைக் கேட்டுத்தான் நம் மிளகு டப்பாவை மறந்து எழுந்து போனாள்.

*

காலைச் சாப்பாட்டு மேஜையில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. அண்ணன் கடுகு வெளியூரிலிருந்து வந்து ஐந்து நாளாகிறது. வந்தது பாசத்தால் இல்லை. பழையதை எடுத்துவிட்டுப் புது மென்பொருள் போடுகிற ஒப்பந்தம் அவன் வேலை செய்கிற நிறுவனத்துக்குக் கிடைத்திருக்கிறது. அப்பா கட்டிய பொட்டலத்தை மகன் அவிழ்க்க வந்திருக்கிறான் என்று அம்மா முதல் நாளே சொல்லிச் சிரித்தாள். அப்பா சிரிக்கவில்லை.

"இன்னிக்கு எத்தனை மெஷின்ல எடுக்கறீங்க?" என்று அப்பா கேட்டார். ஐந்து நாளாக இதே கேள்விதான்.

அதிகாரி இன்னும் கை வைக்க விடவில்லை, விசாரணை முடிய வேண்டும் என்றான் கடுகு. என்ன விசாரணை என்றார் அப்பா. சும்மா வழக்கமானதுதான் என்று மிளகு முந்திக்கொண்டாள். ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், இந்தப் பெண்ணுக்குப் பொய் சொல்ல வராது. சொல்லும்போது உப்பு டப்பாவைத் திறந்து திறந்து மூடுவாள். அம்மா டப்பாவை வாங்கித் தள்ளி வைத்தாள்.

"அந்தக் காலத்துல நீயும்தானே பக்கத்துல இருந்த. உனக்கு ஞாபகம் இருக்கா?" என்று அப்பா மகனைப் பார்த்தார்.

"இல்லப்பா. அந்தப் பொட்டலத்த நான் தொட்டதே இல்ல" என்றான் கடுகு, தட்டைப் பார்த்தபடி.

வாசலில் செருப்பு மாட்டும்போது அவன் தங்கையின் பையைப் பிடித்து நிறுத்தினான். குரலைத் தணித்துப் பேசினான். மிளகு என்பது யார் என்று அந்த அலுவலகத்தில் ஒருவருக்கும் தெரியாது. அப்பாவும் அங்கே அவளைப் பாப்பா என்றுதான் சொல்வார். வாயை மூடிக்கொண்டிருந்தால் அப்பா தப்பித்தார்.

"அக்கா மாட்டிக்கும்" என்றாள் மிளகு.

"அவங்களுக்கு வேற வேலை கிடைக்கும். அப்பாவுக்கு வேற பேர் கிடைக்குமா?"

அவன் சொன்னதில் நியாயம் இருப்பதுபோல்தான் இருந்தது. அதனால்தான் அவளுக்கு வழியெல்லாம் கோபம் கோபமாக வந்தது.

*

ஆபரேட்டர் அக்கா ஒன்பது வருடமாக ஒப்பந்தத்தில் இருப்பவள். வருடா வருடம் புதுப்பிப்பார்கள். கணினி படுத்துக்கொண்டால் அவள்தான் இழுப்பறையிலிருந்து பொட்டலத்தை எடுத்துப் போடுவாள். முதலில் அது சி.டி. என்கிற வட்டத் தகடாக இருந்தது, பிறகு பென் டிரைவ் ஆனது. அந்த இழுப்பறையில் அவை கிடைத்ததே அவளுக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. கட்டியவர் யார் என்று நான்கு மணிக்குள் தெரியாவிட்டால், வைத்திருந்தவரின் பெயர் அறிக்கையில் ஏறும். அதன்பின் புதுப்பிப்பு என்ற பேச்சே இருக்காது.

அதிகாரியைக் கெட்டவராக்க எனக்கும் ஆசைதான், தொடர்கதைக்கு வசதியாக இருக்கும். ஆனால் அவர் அப்படிப்பட்டவர் இல்லை. மூக்கு நுனியில் கண்ணாடி வைத்துக்கொண்டு பொறுமையாகப் பேசுகிற அம்மாள்.

"நான் யாரையும் மாட்டிவிட வரல மேடம்" என்று அவர் மிளகிடம் சொன்னார். "கட்டினவர் நல்லவராவே இருக்கட்டும். ஆனா இதுக்குப் பூட்டே இல்ல. யார் வேணா பிரிக்கலாம், எதை வேணா உள்ள வெச்சு மறுபடி கட்டலாம். ஊர் சான்றிதழ் எல்லாம் இதுலதான் போகுது. அதுதான் எனக்குக் கவலை."

பிறகு அவர், எல்லா அறிவிப்பிலும் ஏன் குடை இருக்கிறது என்று கேட்டார். குழாய் பழுது அறிவிப்பில் குடை. நாய்களுக்கு உரிமம் வாங்கச் சொல்லும் அறிவிப்பில் குடை. கோடையில் தண்ணீர் வராது என்கிற அறிவிப்பிலும் மூலையில் அதே குடை.

அதில் அந்த ஒரு படம்தான் இருக்கிறது என்றாள் அக்கா. ஏன் என்று அவளுக்குத் தெரியாது.

மிளகுக்குத் தெரியும். அவள் சுவரைப் பார்த்தாள். அங்கே அப்பா, முழுக்கைச் சட்டையில், பிரிவுக்கு வந்த முதல் கணினிக்குப் பக்கத்தில் விறைப்பாக நிற்கிறார். விடைபெற்ற அன்று மாட்டிய புகைப்படம். கீழே பெரிய எழுத்தில், இவர் கையால் பிழை நேர்ந்ததில்லை என்று அச்சடித்திருக்கிறார்கள். அதையும் பொட்டலத்தில்தான் அடித்தார்கள்.

*

அவளுக்கு அப்போது பத்து வயது.

அலுவலகத்துக்கு வந்த பன்னிரண்டு கணினிகளும் நோஞ்சான்கள். மென்பொருளோ குண்டு. காலையில் சொடுக்கிவிட்டுக் காபி குடித்துவிட்டு வந்தாலும் பாதிதான் திறந்திருக்கும். வெளியே கைக்குழந்தையோடு வரிசை நிற்கும். போதாக்குறைக்கு விசைகளின் வரிசையும் வேறு. தட்டச்சுப் பொறியில் விரல் பழகிய ஆறு பேரும் ஒவ்வொரு எழுத்தாகத் தேடிக் கண்ணைக் கசக்கிக்கொண்டார்கள். மேலிடத்துக்கு அப்பா பதினோரு கடிதம் எழுதினார். பரிசீலனையில் உள்ளது என்று ஒரு பதில் வந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்த மென்பொருளின் வட்டத் தகட்டை வீட்டுக்கு எடுத்துவந்தார்.

கடுகின் படிப்புக்காக வாங்கிய கணினி கூடத்து மூலையில் இருந்தது. பழைய புடவையில் அம்மா அதற்கு உறை தைத்திருந்தாள். உறையை எடுத்து நான்காக மடித்து வைத்துவிட்டு அப்பா உட்காருவார், மிளகு மடியில், கடுகு முக்காலியில். மென்பொருளைப் பிரித்துப் போட்டுக்கொண்டு, இது வேண்டுமா வேண்டாமா என்று ஒவ்வொன்றாகக் கேட்பார். யாருக்கும் புரியாத மொழிகளின் அகராதிகள், வேண்டாம். தானே வந்து பேசும் உதவிப் பக்கங்கள், வேண்டாம். பதிலுக்குத் தட்டச்சுப் பொறியின் விசை வரிசையை உள்ளே வைத்தார். நகராட்சியின் நாற்பத்திரண்டு படிவங்களையும் கோடு பிசகாமல் அடித்துச் சேர்த்தார். எத்தனை ஞாயிறு போயிற்றோ, கணக்கில்லை. சரியாகப் பதியாமல் வீணான தகடுகளை அம்மா துணி உலர்த்தும் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டாள். காக்கை வராது என்றாள். காக்கைகள் வந்து அதில் முகம் பார்த்துக்கொண்டன.

மூவாயிரம் படங்கள் இருந்தன, எல்லாவற்றையும் நீக்க வேண்டும் என்று அப்பா கை வைத்தபோது மிளகு அழுதாள். ஒன்றே ஒன்றை வைத்துக்கொள் என்றார். அவள் ஒரு மாலை முழுவதும் பார்த்துச் சிவப்புக் குடையைத் தேர்ந்தெடுத்தாள்.

கட்டி முடித்து முதன்முறை திறந்தபோது அது, உங்கள் பெயர் என்ன என்று கேட்டது. அப்பா தண்ணீர் குடிக்க எழுந்து போயிருந்தார். மிளகு தன் பெயரை அடித்தாள். நான்தான் மூத்தவன் என்று கடுகு சண்டைக்கு வர, சமாதானத்துக்காக அப்பா கணினியில் அவனுக்கும் ஒரு பெயர்க் கணக்கு வைத்துக் கொடுத்தார். மிளகின் பெயர் பொட்டலத்துக்குள்ளேயே போய் உட்கார்ந்துகொண்டதை அவர் கவனிக்கவில்லை. பிழை நேராத கையிலிருந்து நேர்ந்த ஒரே பிழை அது.

அந்த ஞாயிற்றுக்கிழமைகளைப்போல் அதற்கப்புறம் அந்த வீட்டில் ஒன்றும் வாய்க்கவில்லை. நால்வரும் ஒரே மூலையில் உட்கார்ந்திருந்தது அதோடு சரி.

*

மதிய இடைவேளையில் அவள் வீட்டுக்கு நடந்தாள். அப்பா ஜன்னலோரம் செய்தித்தாளில் அச்சுப்பிழைகளைச் சிவப்பு மையால் வட்டமிட்டுக்கொண்டிருந்தார். ஓய்வு பெற்ற பிறகு தினமும் இதுதான் வேலை.

எதிரே உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னாள். உப்பு டப்பா கைக்கு எட்டும் தூரத்தில் இல்லை.

அப்பா பேனாவை மூடினார். "திருட்டுன்னு எழுதுவாங்களா?"

"அனுமதி இல்லாமன்னு எழுதுவாங்கப்பா."

"ரெண்டும் ஒண்ணுதான். இத்தனை வருஷம் டைப் அடிச்சவனுக்கு வார்த்தை தெரியாதா."

ஒரு கணினிக்கு வாங்கியதைப் பன்னிரண்டுக்கும் போட்டது தப்பு என்று அன்றே தெரியும் என்றார். புது மெஷின் வரும்வரைதான், வந்ததும் எடுத்துவிடலாம் என்று நினைத்தாராம். புது மெஷின்கள் மூன்று தடவை வந்தன. ஒவ்வொரு தடவையும் எல்லோரும் பொட்டலத்தைத்தான் கேட்டார்கள். அதைக் கேட்கும்போது தனக்குப் பெருமையாக இருந்தது, அதனால்தான் சும்மா இருந்துவிட்டேன் என்று அவர் சொன்னபோது மிளகு அவர் முகத்தைப் பார்க்காமல் இருந்தாள்.

பிறகு அவர் மெதுவாகக் கேட்டார். "எல்லாத்துலயும் உன் பேரா?"

"எல்லாத்துலயும்."

"பதினெட்டு வருஷத்துல இந்த ஊர்ல பொறந்த குழந்தைக்கெல்லாம் சான்றிதழ் எழுதினது நீயா?"

ஆமாம் என்று தலையாட்டினாள். அப்பாவுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டே இருந்தவர் தோளில் கிடந்த துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "நான் மேல போட்ட பதினோரு கடிதத்துல ஒண்ணுலயாவது என் பேரப் பாத்துருப்பாங்களான்னு நெனச்சிருக்கேன். பரவாயில்ல, உன் பேராவது இருந்திருக்கு."

குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு ஆபீஸ் வேலை பார்க்காதீர்கள் என்று அன்றைக்கே சொன்னேன், யார் கேட்டார்கள் என்றாள் அம்மா உள்ளிருந்து. அந்தப் பழைய கணினியைக் கடையில் போடச் சொல்லியும் கேட்கவில்லையாம். "பரண்ல ஏத்தி வெச்சீங்க. போன வருஷம் லீவுல வந்தப்ப உங்க பிள்ளை அத எறக்கி ரெண்டு நாள் தூசு தட்டிட்டு இருந்தான். அந்தத் தும்மல் எனக்கு இன்னும் நிக்கல."

அதை யாரும் காதில் வாங்கவில்லை. அப்பா பீரோவைத் திறந்து முழுக்கைச் சட்டையை எடுத்துக்கொண்டிருந்தார். நீங்கள் வர வேண்டாம், நானே சொல்லிக்கொள்கிறேன் என்றாள் மிளகு.

"நீ சொல்லு. நான் சும்மா பக்கத்துல நிக்கறேன்" என்றார்.

*

நான்கு மணிக்கு அதிகாரியின் அறையில் ஆபரேட்டர் அக்கா நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தாள். கைக்குட்டையைச் சின்னதாக, இன்னும் சின்னதாக மடித்துக்கொண்டிருந்தாள். அறிக்கையில் ஒரு வரி மட்டும் காலியாக இருந்தது.

மிளகு உள்ளே போனாள். பின்னால் அப்பா.

"மிளகு நான்தான் மேடம்."

அதிகாரி கண்ணாடிக்கு மேலாக அவளைப் பார்த்தார். கணக்குப் போட்டார். "அப்ப உங்களுக்குப் பத்து வயசு இருக்குமா?"

"பேர் மட்டும்தான் அவ போட்டது" என்றார் அப்பா. பக்கத்தில் சும்மா நிற்பதாகச் சொன்னவர் இரண்டடி முன்னே வந்துவிட்டார். "பொட்டலம் கட்டினது நான். இந்த ஆபரேட்டர் பொண்ணு நான் கொடுத்ததை வெச்சிருந்தது, அவ்வளவுதான். எழுதிக்குங்க."

கேட்காததையும் சேர்த்து அவரே சொன்னார். எந்த வருடம், எந்தக் கணினியில், எதை எடுத்தார், எதைச் சேர்த்தார், யார் யாருக்குக் கொடுத்தார். குடையையும் விடவில்லை. தன் பெயரை ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார், பிழையில்லாமல் ஏற வேண்டும் என்பதற்காக. சுவரிலிருக்கும் அந்தப் புகைப்படத்தை எடுத்துவிடலாம், தனக்கு ஒன்றுமில்லை என்றபோது மட்டும் குரல் கொஞ்சம் தடுமாறியது.

அதிகாரி எழுதி முடித்தார். ஆபரேட்டர் அக்காவைப் பார்த்து, நீங்கள் போகலாம், உங்கள் பெயர் இதில் வராது என்றார். அக்கா எழுந்தாள். அப்பாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். கைக்குட்டையை மேஜையிலேயே விட்டுவிட்டு வெளியே போனாள்.

மிளகுக்கு ஐந்து நாளில் முதல் தடவையாக மூச்சு முழுசாக வந்தது. வீட்டுக்குப் போனதும் அண்ணனிடம், ஒன்றும் இடிந்து விழவில்லை பார் என்று சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டாள்.

"உக்காருங்க சார்" என்றார் அதிகாரி. குரல் இதமாகத்தான் இருந்தது. "நீங்க சொன்னதுக்கு மேலிடம் பதில் சொல்லட்டும். உங்க பதினோரு கடிதத்தையும் அறிக்கையோட வெக்கிறேன். நான் தேடி வந்தது அதை இல்ல."

கோப்பிலிருந்து இன்னொரு தாளை எடுத்து மேஜையில் வைத்தார். இழுப்பறையில் இருந்த பொட்டலம் ஒன்று இல்லை, இரண்டு. முதலாவது பதினெட்டு வருடத்துக்கு முந்தையது. இரண்டாவது போன வருடம் பிரித்துத் திரும்பக் கட்டப்பட்டது. புது மென்பொருள் போடுகிற நிறுவனத்திலிருந்து அப்போது கணினிகளைப் பார்த்துப்போக வந்தவர்கள் கொடுத்தது என்றுதான் ஆபரேட்டருக்குத் தெரியும். அதில் நாற்பத்தொரு படிவங்கள் அப்படியே இருக்கின்றன. இருப்பிடச் சான்றிதழ் படிவம் மட்டும் மாற்றப்பட்டிருக்கிறது.

"நான் கட்டினது ஒண்ணுதான்" என்றார் அப்பா.

"தெரியும் சார். இதைக் கட்டினவர் பேரும் இருக்கு."

அவர் தாளைத் திருப்பி வைத்தார். எழுதியவர் மிளகு என்று இருந்தது. அதற்குக் கீழே, திருத்தியவர் என்ற இடத்தில், கடுகு.

வெளியே தாழ்வாரத்தில் கடுகு ஒயர்களைச் சுருட்டிக்கொண்டே ஆபரேட்டர் அக்காவிடம் ஏதோ சொல்லிச் சிரிக்கிற சத்தம் கேட்டது. மிளகு தாளைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. பரணிலிருந்து இறங்கிய கணினியும் இரண்டு நாள் தூசும் அவளுக்கு இப்போதுதான் காதில் விழுந்தன.

"இவரையும் உங்களுக்குத் தெரியுமா சார்?" என்று கேட்டார் அதிகாரி.

கொஞ்ச நேரத்துக்கு முன் கேட்காததற்கெல்லாம் பதில் சொன்ன மனிதர், தன் கண்ணாடியைக் கழற்றி, சட்டை நுனியால் மெதுவாகத் துடைக்க ஆரம்பித்தார்.